பழைய டிவி கேமும் ஒன்பதாம் வகுப்பும்

(ஆசிரியர் பயிற்சி முகாம் ஒன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

மதிய உணவுக்கு முந்தைய அமர்வு என்னுடையது. உங்கள் பசி எனக்குத் தெரியும். ஆகவே கொஞ்சம் விளையாட்டாகவே பேசுகிறேன்.

இங்கே நாற்பதைத் தாண்டியவர்கள் பலர் இருக்கிறீர்கள். 'டிவி கேம்' உங்களுக்கு நினைவிருக்கும். ஒரு பிளாஸ்டிக் பெட்டி, இரண்டு ஜாய்ஸ்டிக், மேலே செருகும் கேசட். ஓடவில்லை என்றால் கேசட்டைப் பிடுங்கி, அடியில் ஊதி, மறுபடி செருகுவோம். எங்கள் ஊரில் ஒரு கடையில் அரை மணி நேரம் விளையாட மூன்று ரூபாய். ஒன்பதாம் வகுப்பு படிக்கும்போது என் சில்லறை முழுவதும் அங்கேதான் போனது.

மரியோ விளையாட்டில் மூன்றாம் உலகத்தின் முதல் கட்டம். முடியும் இடத்தில் ஒரு படிக்கட்டு, அதில் ஓர் ஆமை இறங்கி வரும். சரியான இடத்தில் மிதித்தால் அதன் ஓடு படியில் மோதி மோதி நம் காலடிக்கே திரும்பும். முதலில் மதிப்பெண் ஏறும். பிறகு ஒவ்வொரு மிதிக்கும் ஓர் உயிர் கூடும். ஒரு நாள் பேராசை பிடித்து மிதித்துக்கொண்டே இருந்தேன். உயிர் எண்ணிக்கை இருக்கவேண்டிய இடத்தில் ஏதேதோ கிறுக்கல் தெரிந்தது. 'போதும், இனி எனக்குச் சாவே இல்லை' என்று நினைத்து ஓடினேன். அடுத்த பள்ளத்தில் விழுந்தேன். 'கேம் ஓவர்' என்று வந்தது. நூறுக்கு மேல் உயிர் வைத்திருந்தவனுக்கு ஒரே சாவில் ஆட்டம் முடிந்துவிட்டது! கடைக்கார அண்ணன் பின்பக்கம் ஏதோ செய்துவிட்டார் என்று சண்டை போட்டுவிட்டு வந்தேன். ஒரு மாதம் அந்தக் கடைப் பக்கமே போகவில்லை.

அண்ணன் மேல் தப்பில்லை என்று தெரிய எனக்கு இருபத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் ஆனது. அந்தக் கதைக்குத்தான் வருகிறேன்.

சென்ற ஆண்டு பள்ளி மேலாண்மைக் குழுக் கூட்டத்தில் ஓர் அம்மா, "எந்நேரமும் போன்லயே கேம் சார், நீங்களாவது சொல்லுங்க" என்றார். நாம் என்ன சொல்வோம்? விளையாடாதே என்போம். அதை அவன் ஏற்கெனவே வீட்டில் ஆயிரம் முறை கேட்டிருப்பான். நாங்கள் விளையாடியது எப்படி இருந்தது என்று காட்டலாமே என்று எனக்குத் தோன்றியது. விளம்பரம் கிடையாது. பணம் கட்டி வாங்கும் துப்பாக்கியோ சட்டையோ கிடையாது. முகம் தெரியாதவர்களோடு அரட்டை கிடையாது. உயிர் போனால் ஆட்டம் முடிந்தது, அவ்வளவுதான்.

அந்தப் பழைய பெட்டி இப்போது கிடைக்காது. கிடைத்தாலும் இன்றைய டிவியில் சரியாக வராது. அதற்கு வழி எமுலேட்டர். 'போன்மி' என்று ஒரு தமிழ்ச் சொல் பார்த்தேன். போலச் செய்வது, பொருத்தமான சொல்தான். அந்தப் பெட்டிக்குள் இருந்த சில்லு ஒவ்வொரு கட்டளைக்கும் என்ன செய்யுமோ, அதையே நம் கணினி செய்து காட்டும்படி எழுதப்பட்ட மென்பொருள் அது. கேசட்டில் இருந்த நிரலை ஒரு கோப்பாகக் கொடுத்தால் ஒவ்வொரு கட்டளையாக எடுக்கும், என்னவென்று பார்க்கும், நிறைவேற்றும். தான் பழைய பெட்டிக்குள் இல்லை என்பது அந்த விளையாட்டுக்குத் தெரியவே தெரியாது.

அன்று இரவு வீட்டில் எமுலேட்டரை நிறுவினேன். 'எல்லா விளையாட்டுகளும் ஒரே கோப்பில்' என்று இணையத்தில் ஒன்று கிடைத்தது. இறக்கினேன். மறுநாள் கடைசிப் பாடவேளையில் ப்ரொஜெக்டரில் போட்டேன். வகுப்பே எழுந்து நின்றது. பத்து நிமிடம் ஆகியிருக்கும். மூன்றாவது வரிசையிலிருந்து ஒரு மாணவி கேட்டாள்: "சார், இது யாரோ செஞ்சதுதானே? நீங்க காசு குடுத்து வாங்கினீங்களா?"

போன மாதம்தான் பிறர் படைப்பைக் கேட்காமல் எடுப்பது தப்பு என்று காலை வழிபாட்டுக் கூட்டத்தில் பேசியிருந்தேன். அவள் கேலியாகக் கேட்கவில்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள். அதனால்தான் எனக்கு அதிகம் உறுத்தியது. "இல்லம்மா, வாங்கல" என்றேன். வகுப்பு அமைதியாகிவிட்டது. அந்தக் கோப்பை அவர்கள் கண்முன்னே அழித்தேன். பின்வரிசையில் சிலருக்கு அந்த மாணவி மேல் கோபம், எனக்குத் தெரியும்.

இந்த இடத்தைக் கொஞ்சம் தெளிவாகச் சொல்லவேண்டும், ஏனென்றால் நம்மில் பலருக்கு இது குழப்பம். எமுலேட்டர் என்ற மென்பொருள் தன்னளவில் திருட்டு இல்லை. பிளேஸ்டேஷன் பெட்டியைப் போலச் செய்யும் மென்பொருளை எழுதியதற்காக கனெக்டிக்ஸ் என்ற நிறுவனத்தின் மேல் சோனி வழக்குப் போட்டது. அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் 2000-ல் கனெக்டிக்ஸ் பக்கம் தீர்ப்பளித்தது. சிக்கல் விளையாட்டுக் கோப்பில்தான் இருக்கிறது. 1985-ல் வந்தது என்பதால் அதன் பதிப்புரிமை போய்விடவில்லை. நம் நாட்டுப் பதிப்புரிமைச் சட்டம் 1957-ன் 52-ஆம் பிரிவு, முறைப்படி ஒரு நிரலின் படியை வைத்திருப்பவர், அது கெட்டுப்போனால் உதவும் என்று காப்புப் படி எடுத்துக்கொள்ள இடம் தருகிறது. யாரோ ஒருவர் இணையத்தில் போட்டதை நாம் இறக்குவது அந்தக் கணக்கில் வராது. உண்மையைச் சொன்னால், என் சிறுவயதில் அந்தக் கடையில் ஓடிய பெட்டியும் கேசட்டுமே போலிதான். 'ஒன்பதாயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றொன்பது விளையாட்டுகள்' என்று மேலே அச்சடித்திருப்பார்கள். எண்ணிப் பார்த்தால் பத்துப் பதினைந்து விளையாட்டுகளே வேறு வேறு பெயரில் சுற்றிச் சுற்றி வரும்!

பிறகு என்ன செய்தேன்? தேடினேன். அந்தப் பழைய பெட்டிக்காகவே இன்றும் ஆர்வத்தால் புதிய விளையாட்டுகளை எழுதி, இலவசமாகப் பயன்படுத்த விடுகிறவர்கள் இருக்கிறார்கள். 'கான்சன்ட்ரேஷன் ரூம்' என்று ஒன்று, கவிழ்த்துவைத்த அட்டைகளில் ஜோடி தேடும் நினைவாற்றல் விளையாட்டு. 'நோவா த ஸ்குயிரல்' என்று ஓர் அணில் விளையாட்டு. இவை இரண்டும் திறந்த மூல உரிமத்தில் வந்தவை. மூல நிரலையே திறந்து படிக்கலாம். 'லான் மோவர்' என்று புல்வெட்டும் விளையாட்டு ஒன்றும் உண்டு. அடுத்த வாரம் இவற்றோடு வகுப்புக்குப் போனேன். உரிமம் எழுதிய பக்கத்தை முதலில் திரையில் காட்டினேன். அந்த மாணவி முழுவதும் படித்துவிட்டுத்தான் தலையாட்டினாள்.

நிறுவும் முறையைச் சுருக்கமாகச் சொல்கிறேன், பெரிய வித்தை ஒன்றுமில்லை. ஹைடெக் லேப் கணினிகளில் கைவைக்காதீர்கள். அவை வேறு பணிக்கானவை, அனுமதியில்லாமல் எதையும் நிறுவக் கூடாது. வீட்டில் தூங்கும் பழைய மடிக்கணினி போதும். நான் பயன்படுத்துவது எஃப்.சி.இ.யூ.எக்ஸ் என்ற இலவச மென்பொருள். விண்டோஸ், லினக்ஸ் இரண்டிலும் ஓடும். லினக்ஸ் என்றால் மென்பொருள் மேலாளரில் பெயரைத் தேடினாலே பெரும்பாலும் கிடைத்துவிடும். விண்டோஸ் என்றால் அதன் சொந்தத் தளத்திலிருந்து மட்டும் இறக்குங்கள். பச்சைப் பொத்தான்கள் மின்னும் தளங்களில் வேறு ஏதாவது ஒட்டிக்கொண்டு வரும். பிறகு அமைப்புப் பகுதியில் எந்த விசை எதற்கு என்று ஒதுக்க வேண்டும். இங்கே நான் ஒரு தவறு செய்தேன். ஒரே விசைப்பலகையில் இரண்டு பிள்ளைகளை விளையாடவிட்டேன். "சார், நான் அமுக்குறேன், குதிக்க மாட்டேங்குது" என்று ஒரே தகராறு. சாதாரண விசைப்பலகைகள் சில விசைகளைச் சேர்த்து அழுத்தினால் எல்லாவற்றையும் கணக்கில் எடுக்காது. யுஎஸ்பி ஜாய்ஸ்டிக் ஒன்று வாங்கினேன், தகராறு தீர்ந்தது. இன்னொன்று, அந்தக் காலத் திரை நான்குக்கு மூன்று என்ற விகிதம். அகலத்திரைக்கு இழுத்து நிரப்பாதீர்கள், வட்டமெல்லாம் முட்டையாகிவிடும்.

பல பெட்டிகளுக்குச் சேர்த்து ஒரே மென்பொருள் வேண்டுமென்றால் ரெட்ரோஆர்ச் இருக்கிறது. பிளேஸ்டேஷன் போன்றவற்றுக்குப் பெட்டியின் சொந்த நிரலும் சில வேளைகளில் தேவைப்படும். அதுவும் பதிப்புரிமை உள்ளது. வகுப்புக்கு அதெல்லாம் வேண்டாம். சிறிய பெட்டியே சிறந்தது.

ஏன் சிறந்தது என்றால், அது பிள்ளையின் தலைக்குள் முழுதாக அடங்கும். நான் சொல்லும் பெட்டி நிண்டெண்டோவின் ஃபேமிகாம், ஜப்பானில் 1983 ஜூலையில் வந்தது. அதை வடிவமைத்த குழுவின் தலைவர் மசாயுகி உஎமுரா, ஓய்வு பெற்ற பின் கியோத்தோவில் பல்கலைக்கழக ஆசிரியராக இருந்தவர். (நம்ம ஆள்!) அதன் வேலை நினைவகம் 2 கிலோபைட், அதாவது 2048 பைட். இது எவ்வளவு? கணினியில் ஒரு தமிழ்க் குறியீட்டுக்கு 3 பைட் ஆகும். திருக்குறளில் ஓர் அதிகாரத்தைத் தட்டச்சு செய்தால் இதில் அடங்கிவிடும். இரண்டாவது அதிகாரம் முழுதாக அடங்காது. எங்கள் தமிழாசிரியை இதை நம்பவில்லை. தானே தட்டச்சு செய்து கோப்பின் அளவைப் பார்த்துவிட்டுத்தான் ஒப்புக்கொண்டார். நான் உயிரை விட்ட மரியோ விளையாட்டு முழுவதும், எட்டு உலகங்களும் இசையும் சேர்த்து, 40 கிலோபைட். இன்று போனில் எடுக்கும் ஒரு புகைப்படத்துக்கு அதைப்போலப் பல மடங்கு இடம் வேண்டும்.

இவ்வளவு சின்ன இடத்தில் எப்படிச் செய்தார்கள் என்று பிள்ளைகள் கேட்பார்கள். கேட்டால் பாடம் தொடங்கிவிட்டது. எமுலேட்டரில் படத்துண்டுகளைக் காட்டும் ஒரு சாளரம் உண்டு. திரை அகலம் 256 புள்ளி, உயரம் 240. அதை எட்டுக்கு எட்டுக் கட்டங்களாகப் பிரித்தால் 32 பெருக்கல் 30, மொத்தம் 960 கட்டம். ஒரு கட்டத்தில் 64 புள்ளி, ஒரு புள்ளிக்கு 2 பிட், ஆகவே 16 பைட். இந்தக் கணக்கைக் கரும்பலகையில் போட நான் தேவைப்படவில்லை, பிள்ளைகளே போட்டார்கள். பொம்மை வலப்பக்கம் பார்க்க ஒரு படம், இடப்பக்கம் பார்க்க இன்னொரு படம் கிடையாது. ஒரே ஒரு பிட்டை மாற்றினால் படம் கண்ணாடியில் பார்த்ததுபோலத் திரும்பும். மரியோவில் வானத்து மேகமும் தரையின் புதரும் ஒரே படம்தான், நிறம் மட்டும் வேறு. இதைச் சொன்னபோது ஒருவன், "ஏமாத்திட்டாங்க சார்" என்றான். "ஏமாத்தலடா, மிச்சம் புடிச்சிருக்காங்க" என்றாள் பக்கத்தில் இருந்தவள். பிறகு வரைபடத்தாளில் எட்டுக்கு எட்டுக் கட்டத்தில் நான்கே நிறத்தில் ஆளுக்கொரு படம் வரையச் சொன்னேன். சமச்சீர்க் கோட்டைப் பயன்படுத்தி பாதியை மட்டும் வரைந்து மீதியைக் கவிழ்த்துக்கொண்டவர்கள் முதலில் முடித்தார்கள். கோலம் போடத் தெரிந்த பிள்ளைகள் எளிதாக முந்திவிட்டார்கள்.

நினைவகத்தை எண்களாகக் காட்டும் சாளரமும் உண்டு. ஆட்டம் ஓட ஓட எண்கள் மாறும். 'மதிப்பெண் எந்த இடத்தில் இருக்கிறது, கண்டுபிடி' என்றேன். மாறியவை எவை, மாறாதவை எவை என்று ஒவ்வொன்றாக விலக்கிக்கொண்டே போகவேண்டும். வழக்கமாகப் பாடவேளை முழுக்கத் தலை கவிழ்ந்திருக்கும் ஒரு மாணவன் அன்று மணியடித்த பிறகும் எழவில்லை. கண்டுபிடித்துவிட்டு அந்த எண்ணைக் கூட்டிக்கொண்டே போனான். 255-க்குப் பிறகு சுழியம் வந்தது. "ஏன் சார்?"

எட்டு பிட்டில் 255-க்கு மேல் இடமில்லை, அதனால் சுற்றிவந்துவிட்டது என்றேன். கூடவே குறை எண்களை எப்படி எழுதுவார்கள் என்றும் விளக்கினேன். எட்டு பிட்டில் முதல் பிட் 1 என்றால் அது குறை எண் என்று வைத்துக்கொள்ளலாம். அப்போது நிறை எண்கள் 127 வரைதான். அதற்கு மேல் போனால் குறை எண்ணாகிவிடும். சொல்லிக்கொண்டே இருந்தவன் பாதியில் நிறுத்திவிட்டேன். ஆமை, படிக்கட்டு, கிறுக்கல், பள்ளம் எல்லாம் கண்முன் வந்தன. என் உயிர்கள் 127-ஐத் தாண்டியிருக்கின்றன. செத்ததும் பெட்டி கணக்குப் பார்த்தது. 'உயிர் சுழியத்துக்கும் கீழே' என்று முடிவுசெய்து ஆட்டத்தை முடித்துவிட்டது. பிறகு தேடிப் படித்தேன், இது உலகம் முழுக்கத் தெரிந்த செய்திதானாம்.

அந்தக் கடை இப்போது இல்லை. அண்ணன் அதே தெருவில்தான் இருக்கிறார், பேரன் வந்துவிட்டான். போன தீபாவளிக்கு ஊருக்குப் போனபோது இதைச் சொன்னேன். சண்டை போட்டதே அவருக்கு நினைவில்லை. "மூணு ரூபா குடுத்தியா இல்லையா அன்னிக்கு?" என்று மட்டும் கேட்டார்.

சரி, மணி ஒன்றாகப் போகிறது. மடிக்கணினி பின்பக்க மேசையில் தயாராக இருக்கிறது, புல்வெட்டும் விளையாட்டைப் போட்டு வைத்திருக்கிறேன். ஒரே ஒரு ஜாய்ஸ்டிக்தான். தயவுசெய்து வரிசையில் வாருங்கள்; எங்கள் ஒன்பதாம் வகுப்பு இதைவிட ஒழுங்காக வந்தது.