திட்டவாவது வாருங்கள்

2018 ஜூன் 1-ல் மும்பையில் இந்தியக் கால்பந்து அணி சைனீஸ் தைபேயை 5-0 என்று வென்றது. கேப்டன் சுனில் சேத்ரி மட்டும் மூன்று கோல். பார்க்க வந்தவர்கள் 2,569 பேர்தான். சில கல்யாணங்களுக்கே அதைவிடக் கூட்டம் வரும்!

மறுநாள் சேத்ரி ஒரு வீடியோ போட்டார். எங்களைத் திட்டவாவது மைதானத்துக்கு வாருங்கள் என்று கேட்டுக்கொண்டார். ஜூன் 4, கென்யாவுடன் அவருடைய 100-வது சர்வதேச ஆட்டம். கொட்டும் மழையிலும் அரங்கம் நிறைந்திருந்தது. இரண்டு கோல் அடித்தார்.

நம் பிள்ளைகளின் போன ஆட்டத்துக்கு வந்தவர்கள் ஏழு பேர், வாட்ச்மேனையும் சேர்த்து. பால்கனியிலிருந்து "சத்தம் போடாதீங்கடா" என்றவர்களை நான் கணக்கில் எடுக்கவில்லை. வருகிற ஞாயிறு மாலை 5 மணிக்கு அடுத்த ஆட்டம். நாற்காலிகளை நானே போட்டு வைக்கிறேன்.