சித்தாள் வேலைக்குப் போகும் நம் சகோதரிகள்

(வேளச்சேரியில் நடந்த கூட்டமைப்புக் கூட்டத்தில் களப்பணி ஒருங்கிணைப்பாளர் பேசியது)



வேளச்சேரி ஒரு காலத்தில் ஏரியும் வயலுமாக இருந்த ஊர். இன்று எங்கே திரும்பினாலும் அடுக்குமாடி. இதற்கான ஜல்லியும் மணலும் யார் தலையில் ஏறிப் போச்சு? நம்ம சித்தாள் அக்காமார் தலையில்தான்.

விடியுமுன் எழுந்து, தண்ணீர் பிடித்து, சமைத்து, பிள்ளைக்கு டப்பா கட்டி, எட்டு மணிக்குள் மேஸ்திரி முன்னால் நிற்கணும். ஒரு செங்கல் சுமார் 3 கிலோ. பத்து கல் என்றால் 30 கிலோ. அதோடு கைப்பிடிச் சுவர் இல்லாத படியில் ஏறணும். சும்மாடு ஒன்றுதான் பாதுகாப்பு. கழிப்பிடம் இல்லாத இடத்தில் பகல் முழுக்கத் தண்ணியே குடிக்காமல் இருப்பவர்கள் உண்டு. அப்புறம் நீர்க்கடுப்பு வந்தால் "உடம்பு சூடு" என்று விட்டுவிடுகிறோம்.

சித்தாள் என்றால் சின்ன ஆள். பேரிலேயே சின்னதாக்கிட்டாங்க! கூட வேலைக்கு வந்த பையன் சில வருஷத்தில் கரண்டி பிடித்துக் கொத்தனார் ஆகிறான். அக்கா இருபது வருஷம் ஆனாலும் சித்தாள்தான். சம வேலைக்குச் சம கூலி என்று 1976-லேயே சட்டம் வந்தது. கரண்டியையே கொடுக்காமல் "உன் வேலை வேற" என்றால் சட்டம் என்ன செய்யும்?

2014 ஜூன் 28-ல் மௌலிவாக்கத்தில் 11 மாடிக் கட்டடம் இடிந்து 61 பேர் செத்தார்கள். இது எப்போதாவது நடக்கிற சமாச்சாரம் என்று இருந்துவிட முடியாது. கட்டுமானத் தொழிலாளர் நலவாரியம் 1994 முதல் இருக்கிறது. விபத்து உதவி, பிள்ளைகள் படிப்பு, பிரசவ உதவி, 60 வயதுக்கு மேல் ஓய்வூதியம் எல்லாம் உண்டு. 18 முதல் 60 வயது வரை பதியலாம். ஆனால் அட்டையைப் புதுப்பிக்காமல் பெட்டியில் வைத்திருந்தால், தேவைப்படும்போது அலைச்சல்தான் மிச்சம்.

இன்னொன்று, கோபப்படாமல் கேளுங்க. பல குழுக்களில் கூட்டம் பகல் 11 மணிக்கு. வராதவருக்கு அபராதம். சித்தாள் அக்கா வந்தால் ஒரு நாள் கூலி போச்சு, வராவிட்டால் அபராதம். அப்புறம் "அவங்க ஒழுங்கா வர்றதில்லை" என்று கடன் கொடுக்கும்போது பின்னால் தள்ளுகிறோம். தவணையை மட்டும் நாள் தவறாமல் கட்டுவது அவர்கள்தானே?

ஆகவே, அடுத்த மாதம் முதல் ராத்திரி 7 மணிக்கோ, ஞாயிற்றுக்கிழமையோ கூட்டம் வைக்க இன்றே தீர்மானம் எழுதுங்கள். வரும்போது ஒவ்வொருவரும் வாரிய அட்டையைக் கொண்டுவரட்டும். தேதி முடிந்ததா என்று சேர்ந்து பார்ப்போம்.