நீதிமன்றத்தில் தங்கிவிட்ட அசல் பத்திரங்கள்

(ஜமாஅத் ஆண்டுப் பொதுக்கூட்டத்தில் முன்னாள் செயலாளர் ஆற்றிய உரை)





இவ்வாண்டு வரவு செலவுக் கணக்கில் 'வழக்குச் செலவு' என ஒரு சிறு தொகை காட்டப்பட்டுள்ளது. வழக்குதான் என்றோ முடிந்துவிட்டதே, இஃது எதற்கு என்று சிலர் வினவினர். நியாயமான கேள்வி. பதில் சொல்ல வேண்டியவனும் நானே.

பள்ளிவாசல் கடைகள் தொடர்பான வழக்கில், அல்ஹம்துலில்லாஹ், நமக்குச் சாதகமாகத் தீர்ப்பாயிற்று. தீர்ப்பு நகலைப் பீரோவில் வைத்துப் பூட்டினோம். ஆனால் அத்தீர்ப்புக்கே ஆதாரமான வக்ஃபுப் பத்திரத்தின் அசல், வாதி தரப்புச் சான்றாவணம் 1 என முத்திரையிடப்பட்டு நீதிமன்றக் கட்டிலேயே கிடந்தது. வழக்கு முடிந்தால் பத்திரம் தானே வந்துவிடும் என்று அன்று செயலாளராயிருந்த நான் எண்ணிவிட்டேன். 2025ஆம் ஆண்டு உமீத் இணையதளத்தில் வக்ஃபுச் சொத்து விவரங்களைப் பதிவேற்ற முற்பட்டபோது, நம் கையில் இருந்தது கடைசிப் பக்கம் மங்கிப்போன ஒரு ஜெராக்ஸ் மட்டுமே.

உரிமையியல் நடைமுறைச் சட்டம் 1908, கட்டளை 13, விதி 9 இதைப் பற்றிப் பேசுகிறது. ஆவணத்தை யார் தாக்கல் செய்தாரோ அவர் அதைத் திரும்பப் பெறலாம். அவர் வழக்கின் தரப்பினராக இருக்க வேண்டும் என்பதுகூட இல்லை. அண்டை வீட்டார் வழக்கில் சாட்சியாகச் சென்று தம் பத்திரத்தைக் கொடுத்தவருக்கும் இவ்வுரிமை உண்டு. மேல்முறையீட்டுக்கு இடமுள்ள வழக்காயின், அதற்குரிய காலம் கழிந்திருக்க வேண்டும், அல்லது மேல்முறையீடு முடிந்திருக்க வேண்டும். அக்காலம் மாவட்ட நீதிமன்றத்திற்கு 30 நாள், உயர் நீதிமன்றத்திற்கு 90 நாள். தீர்ப்பு நகல் பெறுவதற்கு ஆன நாட்கள் இதில் கழிக்கப்படும்.

அதற்கு முன்பே தேவைப்பட்டால்? மகள் திருமணத்திற்கு வங்கியில் கடன் கேட்கிறீர்கள், அவர்கள் மூலப்பத்திரம் கேட்கிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். சான்றிட்ட நகலைக் கட்டில் வைத்துவிட்டு, நீதிமன்றம் கேட்கும்போது அசலைக் கொண்டுவருவேன் என்று உறுதிமொழி எழுதிக் கொடுத்தால் முன்னதாகவே பெறலாம். இவ்வசதி பலருக்குத் தெரியாது. நீதிமன்றமே முடக்கி வைத்த ஆவணத்தை இவ்வாறு கேட்க இயலாது. தீர்ப்பாணையால் முற்றிலும் செல்லாததாகிவிட்ட ஆவணமும் திருப்பித் தரப்படமாட்டாது.

நம் விஷயத்தில் சிரமம் வேறு. வழக்கு மேல்முறையீட்டுக்குச் சென்றபோது கட்டும் உடன் சென்றது. ஆகவே அது இப்போது எங்கே இருக்கிறது என்று கண்டறிவதற்கே வக்கீல் குமாஸ்தா பல தடவை அலைந்தார். ஆவணத்தைத் தாக்கல் செய்த முத்தவல்லி அவர்கள் மௌத்தாகிவிட்டபடியால், இன்றைய முத்தவல்லி அவர்கள் தமது பொறுப்பைக் காட்டும் நியமனக் கடிதமும் கமிட்டித் தீர்மானமும் இணைத்து மனுச் செய்ய நேர்ந்தது. உரிய காலத்தில் கேட்டிருந்தால் ஒரே மனுவோடு முடிந்திருக்கும். அத்தவறு என்னுடையது, ஜமாஅத்தார் பொறுத்தருள வேண்டும்.

பதிவான கிரயப் பத்திரம் தொலைந்தால் சார்பதிவாளர் அலுவலகத்தில் நகலாவது கிடைக்கும். பதிவு செய்யப்படாத பழைய முச்சலிக்கை, கைப்பட எழுதிய ஒப்பந்தம், ரசீது ஆகியவற்றுக்கு அவ்வழி இல்லை. நீதிமன்றமும் எல்லாக் கட்டுகளையும் என்றென்றைக்கும் வைத்திருப்பதில்லை. விதிகளில் கண்ட காலம் கழிந்தபின் அவை அழிக்கப்படும். திருக்குர்ஆனின் மிக நீண்ட வசனமே (2:282) கொடுக்கல் வாங்கலை எழுதி வைப்பது பற்றியது என்பதை ஆலிம்கள் நமக்கு அடிக்கடி எடுத்துரைப்பார்கள். எழுதி வைத்ததை எங்கோ விட்டுவிட்டு வந்தவர்களாக நாம் இருந்தோம்.

பத்திரம் வந்துவிட்டது. ஓரம் சற்றுச் சிதைந்துள்ளது, எழுத்துக்குக் குறைவில்லை. நீதிமன்றத்தில் எழுதிக் கொடுத்த பற்றுச்சீட்டின் நகலும் அதனுடன் ஆபீஸ் பீரோவில் இருக்கிறது. எவரும் வந்து பார்க்கலாம். நம் மஹல்லாவில் சொத்து வழக்கு முடிந்த குடும்பங்கள், தீர்ப்பின் கடைசியில் உள்ள சான்றாவணப் பட்டியலை எடுத்து, எவை வீட்டில் உள்ளன, எவை இல்லை எனச் சரிபார்க்குமாறு வேண்டுகிறேன். பட்டியலைப் படித்துப் பார்க்க உதவி தேவைப்படுவோர் ஜும்ஆவுக்குப் பின் ஆபீசுக்கு வரலாம். நான் அஸர் வரை அங்கு இருப்பேன்.