28ம் நம்பர் ரோடும் 26 வருஷ எம்.எல்.ஏ.வும்

(எபிசோடின் எழுத்து வடிவம். வாசிக்க வசதியாக லேசாகச் சுருக்கித் திருத்தியிருக்கிறோம்.)

இன்னைக்கு ஒரு ரோட்டில் இருந்து ஆரம்பிக்கலாம்.

அமெரிக்காவின் தலைநகர் வாஷிங்டனுக்கு மேற்கே, வர்ஜீனியா மாநிலத்தில், மனாசஸ் என்று ஒரு ஊர் இருக்கு. அந்தப் பக்கத்தில் குடியிருக்கிறவங்கள்ல நிறைய பேர் தினமும் வேலைக்குப் போக ரூட் 28 என்ற ரோட்டைப் பிடிக்கணும். ஒரு சிக்னலைத் தாண்டினா அடுத்த சிக்னல். அதைத் தாண்டினா இன்னொண்ணு. காலையில் போகும்போதும் நெரிசல், சாயங்காலம் திரும்பும்போதும் நெரிசல்.

2017 நவம்பரில் இந்தத் தொகுதியில் நடந்த ஒரு மாநிலத் தேர்தலைப் பற்றி உலகம் முழுக்க செய்தி வந்தது. ஒரு பக்கம் பாப் மார்ஷல். குடியரசுக் கட்சி, 73 வயசு, 26 வருஷமா எம்.எல்.ஏ. இன்னொரு பக்கம் டேனிகா ரோம். ஜனநாயகக் கட்சி, 33 வயசு, உள்ளூர்ப் பத்திரிகையில் நிருபரா இருந்தவர், திருநங்கை. ரோம் ஜெயிச்சாங்க. தான் திருநங்கை என்று வெளிப்படையா சொல்லி ஜெயிச்சு, ஒரு அமெரிக்க மாநில சட்டசபையில் போய் உட்கார்ந்த முதல் ஆள் அவங்கதான். அதனால தலைப்புச் செய்தி அவங்களைப் பற்றி வந்தது. நியாயம்தான்.

ஆனா இன்னைக்கு நான் பேசப்போறது தோத்தவரைப் பற்றி. ஏன்னா உங்கள்ல நிறைய பேர் ஏதோ ஒரு பிரச்சினைக்காகத் தெருவில் இறங்கினவங்க, இல்லைன்னா இறங்கணும்னு நினைக்கிறவங்க. "போராட்டத்தில் இருந்து நேரா சட்டசபைக்குப் போனா என்ன?" என்ற கேள்வி மனசுல வந்திருக்கும். மார்ஷலோட கருத்துகள் உங்களுக்குப் பிடிக்கலாம், பிடிக்காமலும் போகலாம். அந்தக் கேள்விக்கு அவர் வாழ்க்கையில் ஒரு நல்ல பதில் இருக்கு.

சரி, யார் இந்த மார்ஷல்? அவர் ஒரு கத்தோலிக்கர். கருக்கலைப்பு எதிர்ப்பு இயக்கத்தில் வளர்ந்தவர். அமெரிக்கன் லைஃப் லீக் என்ற அமைப்பில் ஆராய்ச்சி வேலை பார்த்தவர். மேடையில் முழங்குற ரகம் இல்லை. காகிதக்கட்டோட உட்கார்ந்து படிக்கிற ரகம். பிளான்டு பேரன்ட்ஹுட் என்ற குடும்பக் கட்டுப்பாட்டு அமைப்பை எதிர்த்து, சார்லஸ் டோனவனோட சேர்ந்து அவர் எழுதின ஒரு பெரிய புத்தகம் 1991ல் வந்தது. அதே வருஷம் தேர்தலிலும் ஜெயிச்சார். 1992 ஜனவரியில் சபைக்குள் போனார். அதுக்கப்புறம் தொடர்ச்சியா மொத்தம் 13 தடவை ஜெயிச்சார்.

இங்க அந்தச் சபையைப் பற்றி கொஞ்சம் சொல்லிடறேன். வர்ஜீனியாவில் கீழ்ச்சபைக்கு 100 பேர். ரெண்டு வருஷத்துக்கு ஒரு தடவை தேர்தல். இரட்டைப்படை வருஷத்தில் 60 நாள் கூட்டம், ஒற்றைப்படை வருஷத்தில் இன்னும் குறைவு. மார்ஷல் இருந்த காலத்தில், 2017ல், சம்பளம் வருஷத்துக்கு 17,640 டாலர். அமெரிக்காவில் அந்தப் பணத்தில் குடும்பம் நடத்த முடியாது. அதனால பாதிப் பேர் வக்கீல், வியாபாரி, ஆசிரியர் என்று வேற வேலை பார்த்துக்கிட்டே வந்து போறவங்க. இப்படிப்பட்ட சபையில், சட்டப் புத்தகத்தை வரி வரியா படிச்சுட்டு, எதுக்கும் விட்டுக்கொடுக்காத ஒரு ஆள் வந்து உட்கார்ந்தா எப்படி இருக்கும்? ஒருத்தரே பத்துப் பேர் மாதிரி தெரிவார். மார்ஷல் அப்படித்தான் தெரிஞ்சார்.

போராட்டக்காரங்க வேலை செய்ற விதமே வேற. சாதாரண எம்.எல்.ஏ. ஒரு மசோதா கொண்டு வந்தா, அது நிறைவேறணும்னு பார்ப்பார். அதுக்காக நாலு பேர்கிட்ட பேசி, ரெண்டு பிரிவை வெட்டி, சமரசம் பண்ணுவார். போராட்டக்காரருக்கு மசோதா தோத்தாலும் லாபம்தான். யார் யார் எதிர்த்து ஓட்டுப் போட்டாங்க என்ற பட்டியல் கையில் கிடைச்சிடும் இல்லையா? அடுத்த தேர்தலுக்கு அது ஆயுதம். மார்ஷல் தோற்கிற மசோதாக்களை சலிக்காம கொண்டு வந்ததுக்கு இதுதான் காரணம்னு நான் நினைக்கிறேன்.

அவர் தோத்துக்கிட்டே இருந்தார் என்று மட்டும் நினைச்சிடாதீங்க. 2006ல் வர்ஜீனியா அரசியலமைப்பில், திருமணம் என்றால் ஒரு ஆணுக்கும் ஒரு பெண்ணுக்கும் மட்டும்தான் என்று ஒரு திருத்தம் வந்தது. அதுக்குப் பெயரே மார்ஷல்-நியூமன் திருத்தம். சபையில் ரெண்டு தடவை நிறைவேறணும், நடுவில் ஒரு தேர்தல் நடந்திருக்கணும், கடைசியா மக்களே ஓட்டுப் போடணும். அத்தனை படியும் ஏறி, கிட்டத்தட்ட 57 சதவீத ஓட்டோட ஜெயிச்சது. எட்டே வருஷத்தில், 2014ல், கூட்டாட்சி நீதிமன்றங்கள் அது செல்லாதுன்னு சொல்லிட்டாங்க. ஆனா அந்த எட்டு வருஷம் வர்ஜீனியாவில் எத்தனையோ ஜோடிகள் சட்டத்தின் கண்ணில் ஒருத்தருக்கொருத்தர் யாரோ எவரோ மாதிரி வாழ வேண்டியிருந்தது. சட்டப் புத்தகத்தில் ஒரு வரி என்றால் சும்மா இல்லை. அது யாரோ ஒருத்தரோட ஆஸ்பத்திரி அறைக்குள் போக விடுமா விடாதா என்ற விஷயம்.

2012ல் இன்னொண்ணு நடந்தது. வர்ஜீனியாவில் நீதிபதிகளைச் சட்டசபைதான் தேர்ந்தெடுக்கும். டிரேசி தார்ன்-பெக்லாண்ட் என்று ஒரு அரசு வக்கீல், முன்னாள் கடற்படை அதிகாரி, தன்பால் ஈர்ப்பாளர். அவர் பெயர் நீதிபதி பதவிக்கு வந்தப்போ எதிர்ப்பை முன்னால நின்னு நடத்தினவர் மார்ஷல். தேவையான ஓட்டு 51, கிடைச்சது 33. ஆனா அடுத்த ஜனவரியிலேயே அதே சபை அதே மனிதரை நீதிபதியாகத் தேர்ந்தெடுத்தது.

அதே 2012ல் மார்ஷல் வேற ஒண்ணும் செய்தார். அமெரிக்கக் குடிமகனை ராணுவம் விசாரணை இல்லாம அடைச்சு வைக்கலாமா என்ற விவாதம் நாடு முழுக்க ஓடிக்கிட்டிருந்த சமயம். சட்டவிரோதமான அப்படி ஒரு காவலுக்கு வர்ஜீனியா அரசு ஊழியர்கள் துணை போகக்கூடாதுன்னு ஒரு மசோதா கொண்டு வந்தார். அது சட்டமாவே ஆச்சு. இதைக் கேட்டா இடதுசாரி நண்பர்கள்கூடக் கைதட்டுவாங்க. மனுஷன் ஒரே கோட்டில் போறவர். அந்தக் கோடு சில இடத்தில் நம்ம வீட்டு வாசல் வழியாவும் போகும்.

இப்ப மறுபடியும் ரோட்டுக்கு வருவோம்.

மார்ஷல் தொகுதி இருந்த பிரின்ஸ் வில்லியம் கவுண்டியின் மக்கள்தொகை 1990ல் சுமார் 2,15,000. 2010ல் 4,02,000. இருபது வருஷத்தில் கிட்டத்தட்ட இரட்டிப்பு. வயல் இருந்த இடத்தில் வீடு, வீட்டுக்கு ரெண்டு கார், எல்லா காரும் வாஷிங்டன் பக்கமா. ரோடு மட்டும் அதே வேகத்தில் அகலமாகலை.

2007ல் வர்ஜீனியா அரசு ஒரு பெரிய போக்குவரத்துச் சட்டம் போட்டது. வடக்கு வர்ஜீனியா போக்குவரத்து ஆணையம் என்ற அமைப்புக்கு, அந்த வட்டாரத்தில் வரியும் கட்டணமும் போட அதிகாரம் கொடுத்தாங்க. பணம் ரோட்டுக்குப் போகும். மார்ஷல் என்ன செய்தார் தெரியுமா? வழக்குப் போட்டார். வரி போடற அதிகாரம் மக்கள் தேர்ந்தெடுத்த சபைக்குத்தான், அதைத் தூக்கி வேற ஒரு ஆணையத்துக்குக் கொடுக்க முடியாது என்பது அவர் வாதம். 2008 பிப்ரவரியில் வர்ஜீனியா உச்ச நீதிமன்றம் ஒருமனதா அவர் பக்கம் தீர்ப்புச் சொன்னது.

இந்த இடத்தில் கொஞ்சம் நின்னு யோசிங்க. அவர் சொன்னது தப்பா? சட்டப்படி நூத்துக்கு நூறு சரி. கொள்கையா பார்த்தாலும் நல்ல கொள்கை. நம்மகிட்ட வரி வாங்கறவரை நாம ஓட்டுப் போட்டு வெளியேத்த முடியணும் இல்லையா? ஆனா ரூட் 28ல் சிவப்பு விளக்கில் நிக்கிற ஒருத்தர் அந்தத் தீர்ப்பை எப்படிப் பார்ப்பார்? ரோட்டுக்கு வர இருந்த பணம் நின்னு போச்சு, நிறுத்தினவர் நம்ம எம்.எல்.ஏ. என்றுதான். அப்புறம் 2013ல் சட்டசபையே நேரடியா வரி போட்டு அந்தப் பணத்துக்கு வேற வழி பண்ணினது.

போராட்டக்காரருக்கு "இது கூடாது" என்று நிறுத்தறதுதான் வெற்றி. மக்கள் பிரதிநிதிக்கு நிறுத்தினதுக்கு மறுநாளும் வேலை இருக்கு. "அப்ப எது?" என்று தொகுதி கேட்கும். மார்ஷல் முதல் வேலையில் கெட்டிக்காரர். ரெண்டாவது வேலைக்கு அவர் அதே அளவு நேரம் கொடுத்த மாதிரி எனக்குத் தெரியலை.

2017 ஜனவரியில், திருநங்கையரும் திருநம்பியரும் அரசுக் கட்டடங்களில் எந்தக் கழிப்பறைக்குப் போகணும் என்று ஒரு மசோதா கொண்டு வந்தார். சபையில் அவர் கட்சிக்குத்தான் பெரும்பான்மை. அவர் கட்சிக்காரங்க நிறைஞ்ச துணைக்குழுவே அதைக் கதவோட மூடி அனுப்பிடுச்சு. சொந்தக் கட்சிக்கே அவர் சுமையாகத் தெரிய ஆரம்பிச்சிட்டார்.

அந்த வருஷம்தான் ரோம் போட்டியிட்டாங்க. அவங்க பேச்சில் திரும்பத் திரும்ப வந்தது ரூட் 28. ஆசிரியர் சம்பளம். ஏழைகளுக்கான மருத்துவக் காப்பீடு. உள்ளூர் நிருபரா அந்த ஊர்ப் பஞ்சாயத்தை எல்லாம் வருஷக்கணக்கா எழுதினவங்க, அதனால எந்த சிக்னலில் எவ்வளவு நேரம் ஆகும் என்று அவங்களுக்கு அத்துப்படி. மார்ஷல் அவங்களோட நேருக்கு நேர் விவாதம் பண்ண மறுத்திட்டார். அவங்களைப் பெண்ணாகக் குறிப்பிடவும் மறுத்தார். தேர்தலில் ரோம் சுமார் 54 சதவீதம் வாங்கினாங்க.

"ரோடு ஜெயிச்சது, கொள்கை தோத்தது" என்று ஒரே வரியில் முடிச்சா கேட்க நல்லா இருக்கும். ஆனா அது முழு உண்மை இல்லை. டிரம்ப் அதிபரான முதல் வருஷம் அது. அவர் மேல இருந்த கோபத்தில் வர்ஜீனியா கீழ்ச்சபையில் ஒரே நாளில் 15 இடங்கள் ஜனநாயகக் கட்சிக்குப் போச்சு. ரோமுக்கு வெளி மாநிலங்களில் இருந்தும் நிறைய நன்கொடை வந்தது. தொகுதியும் பழைய தொகுதி இல்லை. 2010 கணக்கெடுப்பிலேயே அந்தக் கவுண்டியில் வெள்ளையர்கள் பாதிக்கும் கீழ. 1991ல் மார்ஷலுக்கு ஓட்டுப் போட்ட ஊர் 2017ல் அங்க இல்லவே இல்லை. ஆனா எல்லாருக்கும் பொதுவா ஒண்ணு இருந்தது. புதுசா வந்தவரும் பழைய ஆளும், ஸ்பானிஷ் பேசறவரும் ஆங்கிலம் பேசறவரும், நின்னது ஒரே நெரிசலில்தான்.

ரோம் வந்ததும் ரோடு மாயமா சரியாகிடலை. 2019ல் சாலைகளுக்காகக் கடன் வாங்க கவுண்டி மக்கள் ஓட்டுப் போட்டு சம்மதிச்சாங்க, அதில் 28ம் நம்பரும் இருந்தது. ரோடு போடறது மெதுவான வேலை. ஆனா ரோம் 2019ல் ஜெயிச்சாங்க, 2021ல் ஜெயிச்சாங்க, 2023ல் மேல்சபைக்கே போயிட்டாங்க.

தேர்தல் முடிஞ்ச ராத்திரி ரோம்கிட்ட மார்ஷலைப் பற்றிக் கேட்டாங்க. இத்தனை நாள் உங்களை இப்படியெல்லாம் பேசினாரே, என்ன சொல்றீங்கன்னு. என் தொகுதி மக்களை நான் தாக்கிப் பேச மாட்டேன், பாப் இப்ப என் தொகுதிவாசி என்று பதில் சொன்னாங்க.

எனக்கு இந்தக் கதையில் ரொம்பப் பிடிச்ச இடம் இதுதான். பெருந்தன்மை என்று மட்டும் எடுத்துக்காதீங்க. பிரதிநிதி என்ற வேலைக்கே அர்த்தம் அதில் இருக்கு. ஓட்டுப் போடாதவர், உங்களை வெறுக்கிறவர், நீங்க யாருன்னே ஒத்துக்காதவர், அவரும் நாளைக்குக் காலையில் அதே ரோட்டில்தான் போவார். அவருக்கும் சேர்த்துத்தான் அந்த ரோடு.

மார்ஷலும் அன்னைக்கு ஆதரவாளர்களுக்கு நன்றி சொன்னார். இனி வேற இடத்தில் இருந்து போராட்டத்தைத் தொடர்வேன் என்றார். அவருக்கு அது சரியான இடம்தான். ஒரு சமூகத்துக்குப் போராட்டக்காரங்க வேணும். விட்டுக்கொடுக்காத ஆள் வேணும். "வரி போடற அதிகாரத்தைத் தூக்கிக் கொடுக்காதே" என்று கோர்ட் படி ஏற ஒருத்தர் வேணும்.

ஆனா நாளைக்கு நீங்க தேர்தலில் நிக்கப்போறீங்கன்னா, உங்க கொள்கையை விட வேண்டாம், அதோட இன்னொரு கேள்வியையும் பையில் போட்டுக்கோங்க. என் தொகுதியில் என்னை எதிர்க்கிற ஒருத்தர் காலையில் எந்த சிக்னலில் நிக்கிறார்? அது தெரியாம உள்ள போனா, 26 வருஷம் உட்கார்ந்தாலும் நீங்க இன்னும் வாசலில் கோஷம் போட்டுக்கிட்டுத்தான் இருப்பீங்க.