இருட்டில் பார்க்கும் வெப்பக் கண்

(முன்னாள் மாணவர் சங்க ஒன்றுகூடல் விழாவில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



"டெக்னிக்கலா பேசு, ஆனா எல்லாருக்கும் புரியணும்" என்று செயலாளர் அண்ணன் உத்தரவு போட்டுவிட்டார். லென்ஸ், கேமரா இவற்றைச் சோதிப்பது என் தொழில். ஊருக்கு வந்தால் என்னிடம் எல்லோரும் கேட்பது ஒன்றுதான்: "தம்பி, ராத்திரி இருட்டுல பன்னியைக் காட்டுத கருவி வந்திருக்காமே, அது எப்படி?" அதையே எடுத்துக்கொள்கிறேன்.

கேட்பதில் நியாயம் இருக்கிறது. தடிக்காரன்கோணம், கீரிப்பாறை, பேச்சிப்பாறைப் பக்கம் மரச்சீனியும் வாழையும் வைத்தவர்கள் படும் பாடு உங்களுக்குத் தெரியும். 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி வேட்டை குற்றம். ஆனால் பக்கத்துக் கேரளத்தில் 2022 முதல், உள்ளாட்சித் தலைவர் அனுமதித்தால், துப்பாக்கி உரிமம் உள்ளவர்கள் பயிரை அழிக்கும் பன்றியைச் சுடலாம் என்று ஆயிற்று. தமிழ்நாட்டில் 2025 ஜனவரியில் அறிவித்தபடி, காப்புக்காட்டிலிருந்து 3 கிலோமீட்டருக்கு அப்பால் வரும் பன்றிகளை வனத்துறையினர் மட்டும் சுடலாம். ஆகவே வெளிநாட்டு வேட்டைக்காரர்கள் துப்பாக்கியில் மாட்டும் தெர்மல் ஸ்கோப் இங்கேயும் பேச்சில் அடிபடுகிறது.

இது எப்படி வேலை செய்கிறது? 1800-ல் வில்லியம் ஹெர்ஷல், நிறமாலையில் சிவப்புக்கு அப்பால் தெர்மாமீட்டரை வைத்தார். கண்ணுக்கு எதுவும் தெரியாத இடத்தில் வெப்பம் ஏறியது. அதுதான் அகச்சிவப்புக் கதிர். நம் உடம்பும் பன்றியின் உடம்பும் ராப்பகலாக அதை வீசிக்கொண்டேயிருக்கின்றன. அலைநீளம் 9, 10 மைக்ரான் அளவில் அது உச்சமாக இருக்கும். நைட் விஷன் என்பது வேறு; அது நட்சத்திர வெளிச்சத்தைப் பெருக்கிக் காட்டுவது. தெர்மலுக்கு வெளிச்சமே வேண்டாம்.

இந்தக் கதிர் சாதாரணக் கண்ணாடி வழியே போகாது. அதனால் லென்ஸை ஜெர்மானியத்தில் செய்கிறார்கள். பார்த்தால் உலோகத் துண்டு மாதிரி பளபளக்கும். பூச்சு போடாவிட்டால் ஒவ்வொரு பரப்பிலும் 36 சதவீதக் கதிர் திரும்பிப் போய்விடும். நம் மணவாளக்குறிச்சி மணலில் கிடைப்பதல்ல ஜெர்மானியம். பெரும்பாலும் துத்தநாகம் எடுக்கும்போது துணைப்பொருளாகக் கிடைப்பது. விலை ஏன் அதிகம் என்று இப்போது புரிந்திருக்கும்.

லென்ஸுக்குப் பின்னால் இருப்பது மைக்ரோபோலோமீட்டர். ஒவ்வொரு புள்ளியும் மெல்லிய கால்களில் நிற்கும் ஒரு நுண்ணிய தகடு. சூடு பட்டால் அதன் மின்தடை மாறும். 1980-களில் அமெரிக்க ராணுவத்துக்காக ஹனிவெல் உருவாக்கியது. 1992-ல் ரகசியம் விலக்கப்பட்ட பிறகே வெளிச்சந்தைக்கு வந்தது.

இனித்தான் முக்கியமான விஷயம். பெட்டியில் "1 கிலோமீட்டர்" என்று போட்டிருப்பான். அது பொய்யில்லை, ஆனால் என்ன தெரியும் என்று போட்டிருக்க மாட்டான். 1958-ல் ஜான் ஜான்சன் என்பவர் ஒரு கணக்குச் சொன்னார். 'ஏதோ ஒன்று இருக்கிறது' என்று அறிய அந்த உருவத்தின் உயரத்தில் சுமார் 2 புள்ளி விழுந்தால் போதும். மனிதனா மிருகமா என்று பிரிக்க 8 வேண்டும். பன்றியா, மிளாவா, மாடா என்று சொல்ல சுமார் 13 வேண்டும்.

போட்டுப் பார்ப்போம். 12 மைக்ரான் புள்ளி, 35 மில்லிமீட்டர் லென்ஸ் என்றால் 100 மீட்டரில் ஒரு புள்ளி 3.4 சென்டிமீட்டர். பன்றி உயரம் 70 சென்டிமீட்டர் என்று வையுங்கள். இருப்பதை அறிய சுமார் 1,000 மீட்டர். பிரித்தறிய 250 மீட்டர். இன்னதென்று சொல்ல 155 மீட்டர். இதுவும் பாதிக்குப் பாதி வாய்ப்புள்ள தூரந்தான்! ரப்பர் இலையும் செடியும் மறைத்தால் இன்னும் குறையும். ஐரோப்பாவின் குளிர்காலத்தில் பன்றி பளிச்சென்று தெரியும். நம்மூரில் வெயிலில் காய்ந்த பாறை இரவிலும் சூடாகவே கிடக்கும். அதுவும் வெள்ளையாகத்தான் தெரியும்.

நம் மலையோரத்தில் விடியுமுன்னே ரப்பர் பால்வெட்டப் போகிறவர்கள் எத்தனை பேர்! தலையில் லைட் கட்டிக்கொண்டு, மரத்தடியில் குனிந்து நிற்பார்கள். அந்த லைட் வெறுங்கண்ணுக்குத் தெரியும். தெர்மலில் அந்த வெளிச்சம் தெரியவே தெரியாது. குனிந்த ஒரு வெள்ளை உருவம் மட்டுந்தான் தெரியும். 600 மீட்டரில் அது யார், எது என்று கருவி சொல்லாது. ஆள் பார்த்துத்தான் சொல்ல வேண்டும், அதற்குக் கிட்டே போக வேண்டும். இது இயற்பியல், அதிக விலை கொடுத்தால் தூரம் கூடும், விதி மாறாது.

இதே கருவியைப் பொறுப்பாகப் பயன்படுத்துவதும் உண்டு. கோவை மதுக்கரையில் ரயிலில் யானைகள் அடிபடாமலிருக்க, 2024 பிப்ரவரியில் 12 கோபுரங்களில் தெர்மல் கேமராக்கள் வைத்தார்கள். யானை தண்டவாளத்தை நெருங்கினால் தகவல் போகும், ரயில் வேகம் குறையும். அங்கே கருவி தவறிச் சொன்னாலும் ரயில் சற்றுத் தாமதமாகும், அவ்வளவுதான். துப்பாக்கியில் அந்தத் தாமதம் கிடையாது.

மாணவத் தம்பி தங்கைகளுக்கு ஒரு வேண்டுகோள். எந்தக் கருவியின் விளம்பரத்தைப் பார்த்தாலும், அதிலுள்ள எண்ணை இன்று சொன்னதுபோல் ஒரு காகிதத்தில் போட்டுப் பாருங்கள். ஊரில் யாராவது இதை வாங்கப் போகிறேன் என்றால், முதலில் சட்டத்தையும் பிறகு இந்தக் கணக்கையும் எடுத்துச் சொல்லுங்கள். நாலெழுத்து படித்தவர்கள் நாம் சொன்னால் கேட்பார்கள்.