முகச்சுளிப்பு: தண்டனைக்குரிய குறும்பன்று, அறிந்துகொள்ள வேண்டிய நரம்புக் குறை

(பெங்களூரில் ஆசிரியர் பயிற்சி மாணவர்களும் சுகாதாரத் துறை அலுவலர்களும் கூடிய அவையில் நிகழ்த்தப்பெற்ற உரை)



ஏழு வயதுச் சிறுவன் ஒருவனை எண்ணிப் பாருங்கள். பாடம் நடக்கும்போது அவன் கண்களை அடுத்தடுத்துச் சிமிட்டுகிறான்; மூக்கைச் சுளிக்கிறான்; வாயை ஒருபுறம் இழுக்கிறான். ஆசிரியர் அதனைக் கேலி என்று கருதி அவனை வெளியே நிறுத்துகிறார். வீட்டில் தந்தை அதட்டுகிறார். பாட்டி கண்ணேறு கழிக்கிறார். கண்ணாடி போட்டால் சரியாகும் என்று ஒருவர் சொல்ல, அதுவும் போட்டாயிற்று. சுளிப்பு மட்டும் நிற்கவில்லை. முன்னைவிட மிகுந்துவிட்டது. இந்த வரிசையில் எங்கே தவறு நேர்ந்தது என்பதே இன்றைய என் பொருள்.

திடீரென, விரைவாக, ஒரே மாதிரியாக மீண்டும் மீண்டும் எழும் இத்தகைய அசைவை மருத்துவர்கள் ‘டிக்’ என்று வழங்குகின்றனர். நாம் இதனை முகச்சுளிப்பு என்றே கொள்வோம். பெரும்பாலும் 5 முதல் 7 வயதுக்குள் இது தொடங்குகிறது. முதலில் தோன்றும் இடம் பெரும்பாலும் கண்ணிமையே. 10 முதல் 12 வயதில் உச்சத்தை அடைந்து, வாலிபப் பருவத்தில் பலருக்குத் தணிந்துவிடுகிறது. சிறுமியரைவிடச் சிறுவரிடம் மூன்று, நான்கு மடங்கு மிகுதியாகக் காணப்படுகிறது.

மனமா, நரம்பா?

1885-இல் பிரெஞ்சு மருத்துவர் ஜில் த லா டூரெட் ஒன்பது நோயாளிகளைப் பற்றி எழுதினார். முக அசைவுகளோடு, தொண்டையைச் செருமுதல் முதலிய ஒலிகளும் சேர்ந்து ஓராண்டுக்கு மேல் நீடிக்கும் நிலை இன்று அவர் பெயராலேயே வழங்குகிறது. பள்ளிச் சிறார் ஆயிரம் பேரில் 3 முதல் 9 பேருக்கு இந்நிலை இருக்கலாம் என்பது பொதுவான மதிப்பீடு. ஓராண்டுக்குள் தானே மறையும் எளிய சுளிப்பு இதைவிட மிகப் பரவலானது.

இருபதாம் நூற்றாண்டின் முற்பாதியில், அடக்கி வைத்த மன உணர்ச்சிகளே இதற்குக் காரணம் என்ற கருத்து ஓங்கியிருந்தது. பழி பெற்றோர்மீது விழுந்தது. 1961-இல் ஹாலோபெரிடால் என்னும் மருந்து இதனைக் குறைப்பது தெரிந்தபின் பார்வை மாறிற்று. மூளையின் ஆழத்தில் உள்ள அடித்தள நரம்புத் திரள்கள், தேவையற்ற அசைவுகளைத் தடுத்து நிறுத்தும் வாயிற்காவலர் போன்றவை. அவற்றுக்கும் மூளைப் புறணிக்கும் இடையே ஓடும் நரம்புச் சுற்றில் இந்தக் காவல் தளர்வதே சுளிப்புக்கு அடிப்படை என்று இன்று கருதப்படுகிறது. டோபமின் என்னும் இரசாயனத் தூதுப்பொருளுக்கு இதில் பங்குண்டு, பரம்பரைக்கும் பங்குண்டு.

ஆயினும் மனத்துக்கு இதில் தொடர்பே இல்லை என்று சொல்லலாகாது. களைப்பு, கவலை, பரபரப்பு ஆகியவை சுளிப்பை மிகுவிக்கின்றன. மனமும் நரம்பும் இவ்வாறு பின்னிக் கிடப்பதைப் பெங்களூர் மக்களுக்கு விளக்க வேண்டியதில்லை. 1954-இல் இங்கு நிறுவப்பட்ட அகில இந்திய மனநல நிறுவனமும், பழைய மைசூர் அரசின் மனநல மருத்துவமனையும் 1974-இல் ஒன்றாக இணைந்து ‘நிமான்ஸ்’ ஆயின. மனநோய் மருத்துவரும் நரம்பியல் மருத்துவரும் ஒரே வளாகத்தில் பணிபுரியும் அமைப்பு, இத்தகைய குறைகளுக்கு மிகவும் பொருத்தமானது.

அடக்க முடியும் என்பதால் வரும் தீங்கு

சுளிப்புக்கு முன் ஒருவித உறுத்தல் எழுகிறது. தும்மலுக்கு முன் மூக்கில் எழும் உணர்வைப் போன்றது அது. சிறுவன் சற்று நேரம் அதனை அடக்கிக்கொள்ள இயலும். அடக்க அடக்க உறுத்தல் பெருகுகிறது. “நேற்று ஆய்வாளர் வந்தபோது ஒழுங்காகத்தானே இருந்தாய்? இன்று வேண்டுமென்றே செய்கிறாய்” என்று ஆசிரியர் கேட்பதற்கு இதுவே காரணம். அன்று அவன் பட்ட பாட்டை எவரும் அறியார். அடக்குவதிலேயே கருத்தெல்லாம் செலவழியும்போது பாடம் எங்கே ஏறும்?

எல்லாத் துடிப்பும் ஒன்றன்று

இடக்கண் துடித்ததைச் சீதை சொல்ல, திரிசடை அதனை நன்னிமித்தமாகக் கொள்ளும் காட்சி கம்பராமாயணத்தில் உண்டு. இமை மட்டும் மெல்லத் துடிக்கும் அந்நிலை, தூக்கமின்மை, களைப்பு, மிகுதியாகக் காப்பி அருந்துதல் ஆகியவற்றால் எவருக்கும் வரக்கூடியது. ஓய்வு கொண்டால் அடங்கும். நடுவயதில் முகத்தின் ஒரு பாதி மட்டும் இழுத்தால், முகநரம்பை இரத்தக்குழாய் ஒன்று அழுத்துவது காரணமாகலாம். அதற்குப் பொட்டுலினம் ஊசியும் அறுவை முறையும் உள்ளன.

சிறுவரிடம் மூன்று நிலைகளைப் பிரித்தறிவது இன்றியமையாதது. தொண்டை நோய்த்தொற்றைத் தொடரும் வாதக் காய்ச்சலால் முகமும் கைகால்களும் ஒழுங்கின்றி அசையலாம். அப்போது இதயத்தையும் சோதிக்க வேண்டும். கண் சிமிட்டலோடு சில விநாடி நினைவு தப்பினால் அது வலிப்பாக இருக்கலாம். உடலில் செம்பு தேங்கும் வில்சன் நோயில் பேச்சுக் குழறலும் நடுக்கமும் தோன்றலாம். முப்பது ஆண்டுகளில் வில்சன் நோயாளிகள் 282 பேரை ஆராய்ந்த நிமான்ஸ் மருத்துவர்கள் 2007-இல் அதனை விரிவாக வெளியிட்டுள்ளனர். ஆகவே புதிதாகத் தோன்றும் அசைவை மருத்துவர் ஒருமுறை பார்த்தே தீரவேண்டும்.

சிகிச்சை

பெரும்பாலான சிறார்க்கு மருந்து தேவையில்லை. நோயின் இயல்பைப் பெற்றோருக்கும் ஆசிரியருக்கும் விளக்குவதே முதற் சிகிச்சை. சுளிப்பைச் சுட்டிக்காட்டாதிருத்தல் அதன் முதற்படி.

துன்பம் மிகுந்தால் பழக்க மாற்றுப் பயிற்சி உண்டு. 1973-இல் அஸ்ரின், நன் என்னும் இரு அமெரிக்க உளவியலார் இதனை வகுத்தனர். உறுத்தல் எழுவதை உணர்ந்தவுடன், சுளிப்புக்கு இடந்தராத வேறோர் அசைவைச் சிறுவன் மேற்கொள்கிறான். வேகமாகச் சிமிட்டுபவன் மெதுவாக, அளவோடு இமைக்கப் பழகுகிறான். இம்முறையை விரிவாக்கி, அமெரிக்காவில் 126 சிறாரிடம் 10 வாரம் நடத்திய ஆய்வு 2010-இல் வெளியாயிற்று. பயிற்சி பெற்றோரில் நூற்றுக்கு 53 பேர் நன்கு தேறினர். ஆறுதலும் விளக்கமும் மட்டும் பெற்றோரில் 19 பேரே தேறினர். இதற்கு விலையுயர்ந்த கருவி எதுவும் வேண்டியதில்லை. பயிற்சி பெற்ற ஆளே வேண்டும். நம் மாவட்டங்களில் அவ்வாறு பயின்றோர் போதாமையே பெருங்குறை.

அதற்கும் அடங்காதபோது குளோனிடின், ரிஸ்பெரிடோன், அரிபிப்ரசோல் போன்ற மருந்துகளை மருத்துவர் தருவர். தூக்கக் கலக்கம், உடல் எடை கூடுதல் முதலிய பக்க விளைவுகள் இருப்பதால் தாமாக வாங்குவதும், தாமாக நிறுத்துவதும் தகாது. கவனக் குறைபாடும், ஒரே எண்ணம் மீண்டும் மீண்டும் வருத்தும் நிலையும் உடனிருக்கலாம். சுளிப்பைவிட அவையே படிப்பைக் கெடுப்பதுண்டு.

நம் கடமை

கட்டாயக் கல்வி உரிமைச் சட்டம், 2009, அதன் 17-ஆம் பிரிவில் உடல் தண்டனையையும் மன வதையையும் தடுக்கிறது. சுளிக்கும் சிறுவனை வெளியே நிறுத்தி அவமானப்படுத்துவதும் மன வதையே. அவனுக்குச் சிறிது நேரம் வெளியே சென்றுவர அனுமதி, தேர்வில் தனியிடம், பிறர் கேலியிலிருந்து காவல் ஆகியவற்றைத் தர நிதி ஒதுக்கீடு வேண்டியதில்லை. 2013-இல் தொடங்கிய சிறார் நலத் திட்டத்தின்கீழ்ப் பள்ளிக்கு வரும் மருத்துவக் குழுவிடம் ஆசிரியர் அவனைக் குறிப்பிட்டுக் காட்டலாம். 2022 அக்டோபரில் தொடங்கப்பெற்ற டெலி-மானஸ் சேவையின் 14416 எண்ணில் தமிழிலும் கன்னடத்திலும் ஆலோசனை பெறலாம்.

நண்பர்களே, ஓசூர்ச் சாலை மருத்துவமனைக்குத் தொலைவிலிருந்து பேருந்தில் வரும் ஒரு தாய்க்கு, “உங்கள் பிள்ளை இதை வேண்டுமென்று செய்யவில்லை; நீங்களும் தவறு செய்யவில்லை” என்னும் சொல்லே முதல் மருந்தாகிறது. அச்சொல்லை அவள் சொந்த ஊர்ப் பள்ளியிலேயே கேட்குமாறு செய்ய நம்மால் இயலும். அதற்கு அறிவும் பரிவும் போதும்.