பட்டணத்துச் சம்பளமும் தோட்டத்துக் கணக்கும்



மலாக்கா மாநிலத்துத் தோட்டங்களில் ஒரு பேச்சு வீட்டுக்கு வீடு நடப்பதுண்டு. பிள்ளை ஐந்தாம் படிவம் முடித்துவிட்டான், அடுத்து என்ன? "பட்டணத்துக்குப் போனால் மாதம் இரண்டாயிரம் வெள்ளிக்கு மேல் கிடைக்குமாம்" என்கிறான் பிள்ளை. "இங்கேயே இருந்தால் வாடகையில்லாத வீடாவது இருக்கிறதே" என்கிறார் தாயார். தகப்பனார் வாய் திறப்பதில்லை. அவர் ஓய்வு பெற இன்னும் சில ஆண்டுகளே இருக்கின்றன. வேலை முடிந்தால் வீட்டையும் திருப்பிக் கொடுக்க வேண்டும் என்ற கவலை அவர் நெஞ்சில் கிடக்கிறது.

இந்த மூவர் நினைப்பிலும் நியாயம் உண்டு. ஆனாலும் கணக்குப் போட்டுப் பார்க்காமல் முடிவெடுத்தால் மூவருமே ஏமாறக்கூடும். ஆகவே, பட்டணத்து வேலை என்பது என்ன, ஒரே பட்டணத்தில் ஒருவருக்குக் கூடுதலாகவும் மற்றவருக்குக் குறைவாகவும் சம்பளம் கிடைப்பது ஏன், நாம் எந்த வழியாக உள்ளே போவது என்பவற்றை இன்று சிந்திப்போம்.

முதலில் கொஞ்சம் வரலாறு. இந்த நாட்டில் ரப்பரை வாணிபப் பயிராக முதன்முதலில் நட்டது நம் மலாக்காவில்தான். 1896-இல் டான் சாய் யான் என்பவர் புக்கிட் லிந்தாங்கில் நட்டார். பிறகு புக்கிட் அசகானில் பெரிய அளவில் பயிரிட்டார். அந்தப் பயிரை நம்பித்தான் நம் பாட்டன்மார் பலர் கப்பலேறி வந்தார்கள். விடியுமுன் பெரட்டுக்கு நின்றார்கள், பால்மரம் வெட்டினார்கள், லயத்தில் வாழ்ந்தார்கள். அவர்களுக்குச் சம்பளம் குறைவு. ஆனால் வீடு, தண்ணீர், பிள்ளைக் கொட்டகை, பள்ளிக்கூடம், கோயில் எல்லாம் வேலையோடு சேர்ந்தே இருந்தன. வேலை போனால் எல்லாமே சேர்ந்து போயின.

1971-இல் சுதந்திர வாணிப வட்டாரச் சட்டம் வந்தது. அந்தப் பத்தாண்டில் பத்து பெரெண்டாமிலும் தஞ்சோங் கிளிங்கிலும் தொழிற்சாலைகள் எழுந்தன. மின்னணுப் பொருள்களைச் செய்யும் அந்த ஆலைகளுக்கு இளம்பெண்கள் ஆயிரக்கணக்கில் தேவைப்பட்டார்கள். தொழிற்சாலைப் பேருந்து கம்பத்துக்கும் தோட்டத்துச் சாலை முனைக்கும் வந்து அவர்களை ஏற்றிச் சென்றது. அதுவரை தாயோடு மரம் வெட்டப் போன பெண், முதன்முதலாகத் தன் பெயர் போட்ட சம்பளச் சீட்டைக் கையில் வாங்கினாள். அது சிறிய மாற்றமன்று.

அந்தக் காலத்தில் பட்டணத்துக்கும் நாட்டுப்புறத்துக்கும் எவ்வளவு இடைவெளி இருந்தது? 1970-ஆம் ஆண்டுக் கணக்கின்படி, தீபகற்ப மலேசியாவில் நகர்ப்புறக் குடும்பத்தின் சராசரி மாத வருமானம் 428 வெள்ளி. நாட்டுப்புறக் குடும்பத்துக்கு 200 வெள்ளி. அதாவது இரண்டு மடங்குக்கும் மேல். இப்படியிருக்க, யார்தான் பட்டணத்தைத் திரும்பிப் பார்க்க மாட்டார்கள்?

ஆனால் நேயர்களே, சராசரி என்ற சொல்லை நாம் எச்சரிக்கையோடு கேட்க வேண்டும். ஒரு தோட்டத்தில் ஒன்பது தொழிலாளர்களும் ஒரு நிர்வாகியும் இருக்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். பத்துப் பேர் சம்பளத்தையும் கூட்டிப் பத்தால் வகுத்தால் வருகிற தொகை, அந்த ஒன்பது பேரில் ஒருவர் கையிலும் இருக்காது. நாட்டுக்கணக்கும் இப்படித்தான். 2022-இல் மலேசியக் குடும்பங்களின் சராசரி மாத வருமானம் 8,479 வெள்ளி. ஆனால் எல்லாக் குடும்பங்களையும் வருமானப்படி வரிசையாக நிறுத்தினால், சரிபாதியில் நிற்கும் குடும்பத்தின் வருமானம் 6,338 வெள்ளிதான். இரண்டுக்கும் உள்ள வேறுபாடு, மேலே உள்ள சிலருடைய வருமானத்தால் வந்தது.

ஏற்றத்தாழ்வை அளக்க அறிஞர்கள் 'ஜினி' என்றோர் அளவுகோல் வைத்திருக்கிறார்கள். எல்லாருக்கும் ஒரே வருமானம் என்றால் அது சுழியம். ஒருவரே எல்லாவற்றையும் வைத்துக்கொண்டால் அது ஒன்று. மலேசியாவில் 1970-இல் 0.513 ஆக இருந்த அது, 2022-இல் 0.404 ஆகியிருக்கிறது. இடைவெளி குறைந்திருக்கிறது, மறையவில்லை. முன்பு அது பெரும்பாலும் பட்டணத்துக்கும் நாட்டுப்புறத்துக்கும் இடையில் தெரிந்தது. இன்று ஒரே பட்டணத்தின் ஒரே தெருவிலும் நாம் அதைக் காணலாம்.

அது எப்படி? பட்டணத்து வேலைக்கு ஒரு கதவுதான் என்று நாம் நினைக்கிறோம். உண்மையில் மூன்று கதவுகள் உண்டு. முதலாவது, தொழிற்சாலையே நேரடியாக எடுத்துக்கொள்ளும் நிரந்தர வேலை. சேமநிதி, சொக்சோ, மருத்துவம், ஆண்டுதோறும் சம்பள உயர்வு எல்லாம் அங்கே உண்டு. இரண்டாவது, குத்தகையாளர் மூலமாகக் கிடைக்கும் வேலை. அதே ஆலையில், அதே இயந்திரத்தின் முன்னே நின்றாலும், சம்பளம் கொடுப்பவர் வேறு. ஒப்பந்தம் முடிந்தால் வேலையும் முடிந்தது. மூன்றாவது, அன்றாடம் தேடிக்கொள்ளும் வேலை. புல் வெட்டுவது, பொருள் ஏற்றி இறக்குவது, சாலையோரம் கடை போடுவது, மோட்டார் சைக்கிளில் உணவு கொண்டு கொடுப்பது போன்றவை. அங்கே மழை பெய்தால் வருமானம் இல்லை.

இது மலாக்காவுக்கு மட்டும் உரியதன்று. 1970-இல் ஹாரிஸ், டொடாரோ என்ற இரு பொருளியல் அறிஞர்கள், பட்டணத்தில் வேலையில்லாதோர் நிறைந்திருந்தும் மக்கள் ஏன் இன்னும் அங்கே வந்துகொண்டே இருக்கிறார்கள் என்று ஆராய்ந்தார்கள். அவர்கள் தந்த விடை எளிது. மக்கள் பட்டணத்துச் சம்பளத்தை மட்டும் பார்ப்பதில்லை. அது தமக்குக் கிடைக்கும் வாய்ப்பையும் சேர்த்தே எடை போடுகிறார்கள். பத்து நல்ல வேலை இருந்தால் முப்பது பேர் கிளம்புகிறார்கள். பத்துப் பேர் முதல் கதவில் நுழைகிறார்கள். இருபது பேர் மூன்றாம் கதவில் காத்துக்கிடக்கிறார்கள்.

நம் தோட்டத்துக்கு இதைப் பொருத்திப் பாருங்கள். தீபாவளிக்குப் புதுச்சட்டையோடும் புது மோட்டார் சைக்கிளோடும் வருகிற பையனை நாம் எல்லாரும் பார்க்கிறோம். வெறுங்கையோடு வர வெட்கப்பட்டுப் பட்டணத்திலேயே தங்கிவிட்ட பையனை யாரும் பார்ப்பதில்லை. இக்கரைக்கு அக்கரை பச்சை என்பது இதனால்தான். பச்சையாக இருப்பது மட்டும் கண்ணில் படுகிறது.

இன்னோர் அறிஞரையும் குறிப்பிட வேண்டும். ஆர்தர் லூயிஸ் என்பவர் மேற்கிந்தியத் தீவுகளில் பிறந்தவர். 1979-இல் பொருளியலுக்கு நோபல் பரிசு பெற்றவர். அவர் 1954-இல் எழுதிய கட்டுரையில் ஒரு முக்கியமான கருத்தைச் சொன்னார். நாட்டுப்புறத்தில் ஆட்கள் மிகுந்து, அங்கே வருமானம் தாழ்ந்திருக்கும்வரை, பட்டணத்து முதலாளி கூடுதலாகக் கொடுக்க வேண்டியதில்லை. தோட்டத்தைவிடக் கொஞ்சம் அதிகம் கொடுத்தாலே ஆள் கிடைத்துவிடும். இதன் பொருள் என்ன? தோட்டத்துச் சம்பளம் உயர்ந்தால், பட்டணத்துக்குப் போன நம் பிள்ளையின் சம்பளத்துக்கும் அது முட்டுக்கொடுக்கிறது. தோட்டத்துக்காரர் வேறு, பட்டணத்துக்காரர் வேறு என்று நாம் பிரிந்து நிற்பதில் லாபமில்லை.

சம்பளம் தானாக உயர்வதில்லை என்பதும் நமக்குத் தெரியும். தோட்டத்தில் 1954-இல் அமைந்த தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் இருந்தது. மின்னணுத் தொழிற்சாலைப் பெண்களுக்கோ 1988 வரை சங்கம் அமைக்க இடமில்லை. அவ்வாண்டில்தான் ஆலைக்குள் மட்டும் சங்கம் வைத்துக்கொள்ள அரசாங்கம் அனுமதித்தது. 1985-இல் நாட்டின் பொருளாதாரம் சுருங்கி, ஆலைகளில் ஆட்குறைப்பு நடந்தபோது, அவர்களுக்காகப் பேச ஆளில்லை.

குறைந்தபட்ச சம்பளச் சட்டம் 2013-இல் நடப்புக்கு வந்தது. தீபகற்பத்தில் அப்போது 900 வெள்ளி. 2020 பிப்ரவரியில் ஒரு புதுமை நடந்தது. மாநகர, நகராண்மைக் கழகப் பகுதிகளில் 1,200 வெள்ளி, மற்ற இடங்களில் 1,100 வெள்ளி என்று பிரித்தார்கள். புலாவ் செபாங்கும் தம்பினும் பார்வைக்கு ஒரே ஊர். ஆனால் புலாவ் செபாங் மலாக்காவில், அலோர் காஜா நகராண்மைக் கழகத்தின் கீழ் இருக்கிறது. தம்பின் அப்போது நெகிரி செம்பிலானில் ஒரு மாவட்ட மன்றத்தின் கீழ் இருந்தது. எல்லைக்கோட்டுக்கு இந்தப் பக்கம் வேலை செய்தவருக்குச் சட்டம் 100 வெள்ளி கூடுதலாக உறுதி சொன்னது. 2022 மே மாதம் 1,500 வெள்ளி வந்தபின் இந்த வேறுபாடு படிப்படியாக மறைந்தது. 2025 பிப்ரவரி முதல் 1,700 வெள்ளி. அவ்வாண்டு ஆகஸ்டு முதல் சிறு முதலாளிகளும் அதையே கொடுக்க வேண்டும்.

சரி, இனி வீட்டுக் கணக்குக்கு வருவோம். நாமே ஒரு கணக்கைக் கற்பனையாகப் போட்டுப் பார்ப்போம். அண்ணன் தோட்டத்தில் 1,700 வெள்ளி வாங்குகிறான். தம்பி ஆயர் குரோ பக்கம் 2,100 வெள்ளி வாங்குகிறான். நூற்றுக்குப் பதினொன்று சேமநிதிக்குப் போனபின், அண்ணன் கையில் 1,513 வெள்ளி, தம்பி கையில் 1,869 வெள்ளி. அண்ணன் வீட்டுச் சாப்பாட்டுக்கு 250, பெட்ரோலுக்கு 100 கொடுத்தால் மீதி 1,163. தம்பி அறை வாடகைக்கு 300, மோட்டார் தவணைக்கும் பெட்ரோலுக்கும் 280, கடைச் சாப்பாட்டுக்கு 500 கொடுத்தால் மீதி 789. சம்பளத்தில் 400 வெள்ளி முந்தியவன், மிச்சத்தில் 374 வெள்ளி பிந்திவிட்டான்!

தம்பி என்ன செய்வான்? மிகைநேர வேலை செய்வான். மாதச் சம்பளத்தை 26-ஆல் வகுத்து, எட்டு மணி நேரத்தால் வகுத்து, ஒன்றரை மடங்கு போட்டால், மணிக்கு ஏறக்குறைய 15 வெள்ளி வரும். மாதத்தில் 40 மணி நேரம் கூடுதலாக உழைத்தால் 600 வெள்ளிக்குச் சற்று மேல். இப்போது அவன் அண்ணனை முந்திவிட்டான். ஆனால் மிகைநேரப் பணத்துக்குச் சேமநிதிப் பிடித்தம் இல்லை; முதலாளியின் பங்கும் சேராது. இன்றைய கை நிறைகிறது. முதுமைக்கான உண்டியல் நிறைவதில்லை.

அப்படியானால் தோட்டத்திலேயே இருந்துவிடலாமா? அவசரப்படக் கூடாது. அண்ணனின் கணக்கில் ஓர் ஓட்டை இருக்கிறது. வீடு அவனுடையதன்று. முப்பது ஆண்டு வாடகை கொடுக்காமல் இருந்தவர், அறுபது வயதில் தலைக்குமேல் கூரையில்லாமல் நிற்கக்கூடும். வாடகை மிச்சம் என்பது, அந்தப் பணத்தைச் சொந்த வீட்டுக்கென்று ஒதுக்கினால்தான் மிச்சம். ஒதுக்காவிட்டால் அது வெறும் தவணை தள்ளிய கடன். சேமநிதியில் வீடு வாங்குவதற்கு எடுக்கக்கூடிய பகுதி உண்டு. தகப்பனார் ஓய்வு பெறும் ஆண்டில் அல்ல, இன்றே குடும்பமாக உட்கார்ந்து அதைக் கேட்டறிய வேண்டும்.

தம்பியின் கணக்கிலும் ஒரு நம்பிக்கை இருக்கிறது. கையில் தொழில் இருந்தால் அவன் சம்பளம் 2,100-இல் நிற்காது. இயந்திரம் பழுது பார்ப்பவர், மின்கம்பி இழுப்பவர், உலோகம் ஒட்டுபவர் ஆகியோர் முதல் கதவைத் தட்டலாம். செலாண்டாரிலும் தாபோ நானிங்கிலும் மனிதவள அமைச்சின் தொழிற்பயிற்சி நிலையங்கள் இருக்கின்றன. நம் தோட்டங்களுக்குத் தூரமில்லை. பள்ளி முடித்த மறுவாரமே சம்பளம் வர வேண்டும் என்று நாம் பிள்ளையை நெருக்கினால், அவனை மூன்றாம் கதவுக்கு நாமே தள்ளிவிடுகிறோம்.

பட்டணத்துக்குப் போகிற பிள்ளை, வேலையில் சேருமுன் கேட்க வேண்டியவை சில உண்டு. சம்பளம் கொடுப்பவர் ஆலையா, குத்தகையாளரா? ஒரு மாதத்துக்கு மேற்பட்ட வேலை என்றால் எழுத்துமூல ஒப்பந்தம் வேண்டும்; தருகிறார்களா? சொல்கிற தொகை அடிப்படைச் சம்பளமா, மிகைநேரத்தையும் சேர்த்தா? சேமநிதிக்கும் சொக்சோவுக்கும் பணம் கட்டுகிறார்களா? 2023 முதல் வாரத்துக்கு 45 மணி நேரம்தான் வழக்கமான வேலை. அதற்கு மேற்பட்டதற்கு மிகைநேரச் சம்பளம் உண்டா? மாதம் முடிந்து ஏழு நாளுக்குள் சம்பளம் வருகிறதா? விடை சரியில்லை என்றால் தொழிலாளர் இலாகாவில் முறையிடலாம்.

வேலை போய்விட்டாலும் வழியுண்டு. 2018 முதல் வேலைக் காப்புறுதித் திட்டம் நடப்பில் இருக்கிறது. வேலை இழந்த 60 நாளுக்குள் சொக்சோவில் விண்ணப்பிக்க வேண்டும். வெட்கப்பட்டுப் பேசாமல் இருந்தால் நாள் கடந்துவிடும். சொந்தமாகத் தொழில் செய்வோருக்கும் 2017-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி சொக்சோ பாதுகாப்பு உண்டு.

நேயர்களே, தோட்டமா பட்டணமா என்று கேட்பதைவிட, எந்தக் கதவு, என்ன கைத்தொழில், யாருடைய வீடு என்று கேட்பது நல்லது. இன்று இரவு சாப்பாட்டுக்குப் பின் ஒரு தாளையும் பென்சிலையும் எடுங்கள். ஒரு பக்கம் வரவு, மறுபக்கம் செலவு, அடியில் மிச்சம். பிள்ளையையும் பக்கத்தில் உட்கார வையுங்கள். தகப்பனார் மனத்தில் வைத்திருக்கும் வீட்டுக் கவலையையும் அந்தத் தாளில் ஒரு வரியாக எழுதுங்கள். அவர் வாய்திறந்து பேச அதுவே தொடக்கமாகட்டும்.